வார்ட், வாக்குச்சீட்டு, கவுன்சிலர்: இங்கிலாந்தின் நகர்ப்புறக் கவுன்சில் தேர்தலைப் பயன்படுத்திக்கொள்வது எப்படி

பாராளுமன்றத் தேர்தல் இரவில் நம்மவர் வீடுகளில் விடிய விடியத் தொலைக்காட்சி ஓடும். கவுன்சில் தேர்தல் நாளிலோ அதே வீட்டில் ஒருவர் வாக்களித்திருந்தாலே பெரிய விஷயம். 2022 ஆம் ஆண்டு லண்டனின் உள்ளூராட்சிப் பிரிவுகளான பறோக்களில் நடந்த தேர்தலில் பத்தில் நான்கு பேருக்கும் குறைவானவர்களே வாக்களித்தார்கள். இதற்கு ஒரு மறுபக்கம் உண்டு. வாக்களிப்போர் தொகை இவ்வளவு சிறிதாக இருப்பதால், ஒரு வார்டின் முடிவைச் சில நூறு வாக்குகளும், சில வேளைகளில் விரல்விட்டு எண்ணக்கூடிய வாக்குகளுமே தீர்மானிக்கின்றன. இருவர் சமமாக வாக்குப் பெற்றால் தேர்தல் அதிகாரி சீட்டுக் குலுக்கித்தான் வென்றவரை அறிவிப்பார். பாராளுமன்றத் தொகுதியில் கடலில் கரைந்துபோகும் ஒரு தெருவின் வாக்குகள், வார்டில் ஆளையே மாற்றிவிடக் கூடியவை என்பதை மனதில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

உங்கள் வார்ட் எது, ஆசனங்கள் எத்தனை

லண்டனில் 32 பறோக்கள் உள்ளன. ஒவ்வொன்றும் வார்டுகளாகப் பிரிக்கப்பட்டு, ஒவ்வொரு வார்டும் பெரும்பாலும் இரண்டு அல்லது மூன்று கவுன்சிலர்களைத் தெரிவு செய்கிறது. ஹரோவில் 22 வார்டுகளுக்கு 55 கவுன்சிலர்கள். பிரெண்டில் அதே 22 வார்டுகளுக்கு 57 பேர். நியூஹாமில் 24 வார்டுகளுக்கு 66 பேர். லண்டனில் எல்லா ஆசனங்களுக்கும் நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை, மே மாத முதல் வியாழக்கிழமையில், ஒரேயடியாகத் தேர்தல் நடக்கும். 2022 மே 5, 2026 மே 7 என்பன அந்த வரிசையில் வந்த நாட்கள். நியூஹாம், ஹக்னி, லூயிஷம், டவர் ஹம்லெட்ஸ், குரொய்டன் ஆகிய ஐந்து பறோக்களில் மேயரையும் மக்களே நேரடியாகத் தெரிவு செய்வதால் அங்கே தனியாக இன்னொரு வாக்குச்சீட்டும் கையில் கிடைக்கும்.

லண்டனுக்கு வெளியே இந்த ஒழுங்கு மாறுபடும். மான்செஸ்டரில் 32 வார்டுகளுக்கும் தலா மூன்று கவுன்சிலர்கள் இருந்தாலும், வழமையான தேர்தலில் ஆண்டுக்கு ஒரு ஆசனம் என மூன்று ஆண்டுகள் வாக்களிப்பு நடந்து, நான்காம் ஆண்டு ஓய்வாகப் போகும். பேர்மிங்ஹாமில் 69 வார்டுகளுக்கு 101 பேரை நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை தெரிவு செய்கிறார்கள். வார்டுகளின் எல்லைகளும் நிலையானவை அல்ல. ஒரு கவுன்சிலருக்கு எத்தனை வாக்காளர் என்ற கணக்கு ஏறத்தாழச் சமமாக இருக்க வேண்டும் என்பதற்காக எல்லை ஆணைக்குழு அவற்றை அவ்வப்போது திருத்தி வரைகிறது. பத்து ஆண்டுகளுக்கு முன்பு அறிந்த வார்ட்தான் இன்றும் உங்களுடையது என்று நம்பியிருக்காமல், கவுன்சிலின் இணையதளத்தில் போஸ்ட்கோடை இட்டு ஒருமுறை சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

வாக்குரிமை யாருக்கு

நம்மவர்களிடையே மிக அதிகமாகத் தவறாகப் புரிந்துகொள்ளப்பட்டிருப்பது இதுதான். பிரித்தானியக் குடியுரிமை எடுத்தால்தான் வாக்களிக்கலாம் என்று எண்ணிப் பல ஆண்டுகள் ஒதுங்கி இருப்பவர்கள் ஏராளம். உண்மையில் இலங்கை, இந்தியா, மலேசியா, சிங்கப்பூர் ஆகியன பொதுநலவாய நாடுகள் என்பதால், அந்நாடுகளின் குடிமக்கள் இங்கே தங்குவதற்கான சட்டபூர்வ அனுமதி ஒன்றை வைத்திருந்து, 18 வயதும் நிறைந்திருந்தால், கவுன்சில் தேர்தலில் வாக்களிக்கலாம். அது மாணவர் வீசாவாக இருந்தாலும் சரி, வேலை வீசாவாக இருந்தாலும் சரி, நிரந்தர வதிவிட அனுமதியாக இருந்தாலும் சரி. சென்ற செப்டெம்பரில் முதுகலைப் படிப்புக்காக வந்து இறங்கிய மாணவருக்கும் இந்த உரிமை உண்டு.

ஐரோப்பாவிலிருந்து வந்து குடியேறியவர்களின் நிலை சற்றுச் சிக்கலானது. பிரான்ஸ், ஜேர்மனி, நெதர்லாந்து போன்ற ஐரோப்பிய ஒன்றிய நாடுகளின் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்கள் 2020 டிசம்பர் 31 அல்லது அதற்கு முன்பிருந்தே இங்கே சட்டபூர்வமாக வசித்து வந்தால் அவர்களது வாக்குரிமை தொடர்கிறது. அதற்குப் பின் வந்தவர்களுக்கு இல்லை. டென்மார்க், போலந்து, போர்த்துக்கல், ஸ்பெயின், லக்சம்பேர்க் ஆகிய ஐந்து நாடுகளோடு தனி உடன்படிக்கை இருப்பதால், அவற்றின் குடிமக்கள் எப்போது வந்திருந்தாலும் வாக்களிக்கலாம். நோர்வேயும் சுவிற்சர்லாந்தும் ஒன்றியத்தில் இல்லை. ஆகவே அந்நாட்டுக் கடவுச்சீட்டு மட்டும் உள்ளவர்களுக்கு வாக்கு இல்லை. ஒரே வீட்டில் டென்மார்க்கிலிருந்து வந்த மைத்துனருக்கு வாக்கு இருக்க, சூரிச்சிலிருந்து வந்த மச்சாளுக்கு இல்லாமல் போவது இதனால்தான்.

உரிமை இருந்தால் மட்டும் போதாது, வாக்காளர் இடாப்பில் பெயர் இருக்க வேண்டும். கவுன்சில் டாக்ஸ் கட்டுவதாலேயே பெயர் தானாகச் சேர்ந்துவிடாது. வீடு மாறினால் புதிய முகவரியில் மீண்டும் பதிய வேண்டும். அரசின் இணையதளத்தில் சில நிமிடங்களில் பதியலாம். நாஷனல் இன்ஷூரன்ஸ் இலக்கம் கேட்பார்கள், அது இல்லாதவர்கள் வேறு ஆவணங்களைக் காட்டலாம். தேர்தலுக்கு 12 வேலை நாட்களுக்கு முன் நள்ளிரவோடு பதிவு மூடப்படும். ஈஸ்டர் விடுமுறை குறுக்கே வந்தால் இந்தக் கெடு நாம் நினைப்பதை விட முந்திவிடும். பதியும்போது உங்கள் விபரங்கள் விற்பனைக்குரிய திறந்த இடாப்பிலும் இருக்கலாமா என்று கேட்கப்படும். வேண்டாம் என்று குறித்துவிடுங்கள், வாக்குரிமைக்கு அதனால் எந்தக் குறையும் வராது. இடாப்பில் பெயர் இருப்பதைக் கடன் தரவு நிறுவனங்களும் பார்க்கின்றன என்பதால், நாளைக்கு மோட்கேஜ் கேட்டுப் போகும்போதும் இது கைகொடுக்கும். பல்கலைக்கழக நகரில் ஒரு முகவரியும் பெற்றோர் வீட்டில் ஒரு முகவரியும் உள்ள மாணவர்கள் இரண்டு இடத்திலும் பதிந்து, அவை வெவ்வேறு கவுன்சில்களாக இருந்தால், இரு கவுன்சில் தேர்தல்களிலும் வாக்களிக்கலாம்.

பெயரும் அடையாள ஆவணமும்

2023 மே முதல் வாக்குச்சாவடியில் புகைப்படமுள்ள அடையாள ஆவணம் காட்ட வேண்டும். இங்குள்ள கடவுச்சீட்டு மட்டுமன்றி இலங்கை, இந்தியக் கடவுச்சீட்டுகளும் ஏற்கப்படும். சாரதி அனுமதிப்பத்திரம், முதியோரின் பயண அட்டையான ஃப்ரீடம் பாஸ், 60 வயதுக்கு மேற்பட்டோருக்கான ஒய்ஸ்டர் பயண அட்டை, மாற்றுத்திறனாளிகளின் பார்க்கிங் அட்டையான புளூ பேட்ஜ் ஆகியனவும் செல்லும். மாணவர் ஒய்ஸ்டரும் பல்கலைக்கழக அட்டையும் செல்லாது. கைபேசியில் எடுத்த படமும் போட்டோகொப்பியும் உதவாது. காலாவதியான ஆவணத்தில் உள்ள முகம் இன்னும் உங்கள் முகமாகவே தெரிந்தால் அதை ஏற்பார்கள். எதுவும் இல்லாதவர்கள் தேர்தலுக்கு ஆறு வேலை நாட்களுக்கு முன் மாலை 5 மணிக்குள் விண்ணப்பித்து, அரசு தரும் வாக்காளர் சான்றிதழை இலவசமாகப் பெறலாம்.

நமக்கென்றே உள்ள சிக்கல் பெயரில்தான் இருக்கிறது. தகப்பன் பெயர் ஓரிடத்தில் முதற்பெயராகவும் இன்னோரிடத்தில் குடும்பப் பெயராகவும், ஓர் ஆவணத்தில் முழுதாகவும் மற்றொன்றில் முதலெழுத்தாகவும் நிற்கும். திருமணமான பெண்களின் பெயரில் கணவர் பெயர் சிலவற்றில் ஏறியிருக்கும், சிலவற்றில் ஏறியிராது. சிறு வித்தியாசத்தை வாக்குச்சாவடி அலுவலர் பொருட்படுத்த மாட்டார். ஆனால் இடாப்பில் உள்ள பெயரும் ஆவணத்தில் உள்ள பெயரும் இரு வேறு ஆட்களுடையவை போலத் தோன்றினால் வாக்குச்சீட்டைத் தர மறுக்கலாம். கடவுச்சீட்டில் உள்ளபடியே இடாப்பில் பெயரைத் திருத்தி வைப்பது நல்லது. அதற்கு நேரமில்லை என்றால் திருமணப் பதிவுச் சான்றிதழ் போன்ற, இரண்டு பெயரையும் இணைத்துக் காட்டும் ஆவணம் ஒன்றைக் கையோடு கொண்டுபோங்கள்.

புள்ளடி போடுவது

வாக்களிப்பு காலை 7 மணி முதல் இரவு 10 மணி வரை. பத்து மணிக்கு வரிசையில் நின்றால் வாக்களிக்க விடுவார்கள். வீட்டுக்கு வரும் அறிவித்தல் அட்டை கையில் இல்லாவிட்டாலும் பரவாயில்லை. வாக்குச்சாவடி வாசலில் கட்சிப் பட்டி அணிந்தபடி உங்கள் வாக்காளர் இலக்கத்தைக் கேட்பவர்கள் கட்சித் தொண்டர்கள், அதிகாரிகள் அல்லர். சொல்லியே தீரவேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

மூன்று ஆசனங்கள் உள்ள வார்டில் வாக்குச்சீட்டின் மேலே, மூன்று பேருக்கு மேற்படாமல் வாக்களிக்கவும் என்று எழுதியிருக்கும். கீழே பத்துப் பன்னிரண்டு பெயர்கள், குடும்பப் பெயரின் ஆங்கில அகர வரிசையில் நிற்கும். ஒரே கட்சியின் மூவரும் அடுத்தடுத்து நிற்க மாட்டார்கள். ஒருவர் உச்சியில், ஒருவர் நடுவில், ஒருவர் அடியில் இருக்கலாம். முதலில் கண்ணில் பட்டவருக்குப் புள்ளடி (X) இட்டுவிட்டு, மற்ற இரண்டையும் பயன்படுத்தாமலே சீட்டை மடித்துப் பெட்டியில் போட்டுவிட்டு வருகிறவர்கள் பலர். ஆகவே வீட்டிலேயே கவுன்சில் வெளியிடும் வேட்பாளர் பட்டியலைப் பார்த்துப் பெயர்களை மனதில் இருத்திக்கொண்டு போங்கள். விருப்பு வாக்கு முறைக்குப் பழகிய இலங்கைக்காரர்கள் 1, 2, 3 என்று இலக்கமிட வேண்டாம். இங்கே மூன்று புள்ளடிக்கும் ஒரே பெறுமதிதான். நான்காவது புள்ளடி விழுந்தால் முழுச் சீட்டும் நிராகரிக்கப்படும். பிழையாகக் குறித்துவிட்டால், பெட்டியில் போடுவதற்கு முன் அலுவலரிடம் காட்டி வேறு சீட்டுப் பெறலாம்.

மூன்றையும் பயன்படுத்தத்தான் வேண்டுமா? வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை. ஒரே கட்சியின் மூவரும் வரவேண்டும் என்று விரும்புகிறவர் மூன்றையும் அந்த அணிக்கே போடுவதுதான் முறை. ஆனால் கட்சி எதுவானாலும் இந்த ஒருவர் வரவேண்டும் என்று விரும்புகிறவர் மீதி இரண்டையும் மற்றவர்களுக்குக் கொடுப்பதற்கு முன் யோசிக்க வேண்டும். மூன்றாம் இடத்துக்கும் நான்காம் இடத்துக்கும் இடையே இருபது முப்பது வாக்கு வித்தியாசமே இருக்கும் வார்டில், நீங்கள் உபசாரமாகக் கொடுத்த இரண்டாவது புள்ளடியே உங்கள் முதல் விருப்பத்துக்குரியவரை வெளியே தள்ளிவிடலாம். அயலவர் ஒருவர் சுயேச்சையாக நிற்கும் இடங்களில் இந்தக் கணக்கு மிக முக்கியம். கட்சிகளைக் கலந்து வாக்களிக்கவும் தடை இல்லை. நன்றாக வேலை செய்யும் இருவர் வெவ்வேறு கட்சிகளில் இருந்தால் இருவருக்கும் போடுவதே நியாயம் என்பது என் எண்ணம்.

தபால் வாக்குக்கு 11 வேலை நாட்களுக்கு முன்பும், உங்கள் சார்பில் இன்னொருவர் வாக்களிப்பதற்கு ஆறு வேலை நாட்களுக்கு முன்பும், மாலை 5 மணிக்குள் விண்ணப்பிக்க வேண்டும். தபால் வாக்கு இப்போது அதிகபட்சம் மூன்று ஆண்டுகளுக்கே செல்லுபடியாகும். உறைக்குள் வரும் படிவத்தில் இடும் கையொப்பமும் பிறந்த தேதியும் விண்ணப்பத்தில் கொடுத்தவற்றோடு பொருந்த வேண்டும். அன்று தமிழில் ஒப்பமிட்டிருந்தால் இன்றும் தமிழிலேயே இடுங்கள்.

குடும்பத் தலைவர் எல்லாருடைய சீட்டையும் மேசையில் பரப்பி வைத்து நிரப்பும் வழக்கம் சில வீடுகளில் உண்டு. அது குற்றம். 2023 ஆம் ஆண்டின் வாக்கு இரகசியச் சட்டப்படி, வாக்களிக்கும் மறைவிடத்துக்குள் மனைவியோடு கூடப்போய் எங்கே புள்ளடி இடுவது என்று காட்டுவதும் குற்றமே. வீட்டுக்கு வரும் கட்சிக்காரர் தபால் வாக்கு உறையைத் தாருங்கள், நானே கொண்டுபோய்க் கொடுக்கிறேன் என்றால் கொடுக்காதீர்கள். பிரசாரம் செய்பவர்கள் பிறரது தபால் வாக்கைக் கையாளச் சட்டம் இடம் தரவில்லை.

யாருக்குப் போடுவது

யாருக்கு என்று சொல்வது இங்கே என் வேலை அல்ல. எப்படி அளப்பது என்று மட்டும் சொல்லலாம். ஏற்கெனவே கவுன்சிலராக இருப்பவர் எத்தனை கூட்டங்களுக்கு வந்தார், எந்தக் குழுக்களில் இருக்கிறார் என்ற விபரம் கவுன்சிலின் இணையதளத்தில் அவரது பெயருக்குக் கீழேயே இருக்கும். அவரது சொத்து, தொழில் முதலிய நலன்களின் பதிவேடும் அங்கேதான் இருக்கும். புதியவர் என்றால், வாசலில் வந்து நிற்கும்போது உங்கள் தெருவைப் பற்றி ஒரு கேள்வி கேளுங்கள். பொங்கல் விழாவில் வேட்டி கட்டி மேடையேறியதை வைத்து ஆளை அளப்பது நம்மவர்களின் பலவீனம். தை மாதத்தில் எல்லாக் கட்சிக்கும் வேட்டி இருக்கிறது.

தேர்தலுக்குப் பின்

கவுன்சிலரிடம் எதைக் கேட்கலாம் என்று தெரியாமல் பாதி முறைப்பாடுகள் வீணாகின்றன. குப்பை, வீதி விளக்கு, நூலகம், பூங்கா, வதிவோர் பார்க்கிங், கவுன்சில் வீடு, கட்டட அனுமதி, கடைகளின் மதுபான அனுமதி, முதியோர் பராமரிப்பு, பாடசாலை இடம் ஆகியன கவுன்சிலின் பொறுப்பில் வருவன. பஸ் தடமும் சிவப்புக் கோடு போட்ட பெருந்தெருக்களும் லண்டன் போக்குவரத்து நிர்வாகத்துக்குரியவை. ஜீபி எனும் குடும்ப மருத்துவரின் அப்பொயின்ட்மென்ட், என்எச்எஸ் எனும் தேசிய சுகாதார சேவையின் விடயம். வீசா விவகாரத்துக்குப் பாராளுமன்ற உறுப்பினரிடம் போக வேண்டும்.

கடிதம் எழுதும் முறையை ஓர் உதாரணத்தில் காட்டுகிறேன். பின்சந்தில் யாரோ மெத்தைகளைக் கொண்டுவந்து கொட்டுகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். “எங்கள் பகுதி மிக மோசமாகிவிட்டது, கவுன்சில் எதுவும் செய்வதில்லை” என்று எழுதினால், மரியாதையான பதில் ஒன்று வரும். மெத்தை அங்கேயே கிடக்கும். முதலில் கவுன்சிலின் இணையதளத்தில் முறையிட்டுக் குறிப்பு இலக்கம் ஒன்றைப் பெறுங்கள். சொன்ன காலத்துக்குள் ஒன்றும் நடக்காவிட்டால் கவுன்சிலருக்கு இப்படி எழுதுங்கள்: “நான் உங்கள் வார்டில் இந்த முகவரியில் வசிக்கிறேன். எங்கள் தெருவின் பின்சந்தில் மூன்று வாரமாகக் கழிவுகள் கொட்டப்படுகின்றன. இரண்டு தடவை முறையிட்டேன். குறிப்பு இலக்கங்களும் படங்களும் கீழே உள்ளன. கழிவை அகற்றும் தேதியையும், அங்கே கமெரா வைக்க முடியுமா என்பதையும் அதிகாரியிடம் கேட்டு அறிவிப்பீர்களா? என் விபரங்களை அவரோடு பகிர்ந்துகொள்ள உடன்படுகிறேன்.” முகவரி, சான்று, இரண்டு தெளிவான கேள்விகள், அனுமதி; கவுன்சிலர் அதை அப்படியே அதிகாரிக்கு அனுப்பிவைக்கலாம். எழுதப் பழக்கமில்லாத பெற்றோரை, கவுன்சிலர் நூலகத்திலோ சமூக மண்டபத்திலோ நடத்தும் சந்திப்பு நேரத்துக்கு அழைத்துச் செல்லலாம்.

வார்டின் மூன்று கவுன்சிலர்களில் யாருக்கு எழுதுவது என்பதிலும் ஒரு நுட்பம் உண்டு. பெரும்பான்மைக் கட்சி தன் தலைவரைத் தெரிவு செய்ய, அவர் தன்னையும் சேர்த்துப் பத்துப் பேருக்கு மேற்படாத அமைச்சரவையை அமைப்பதே பெரும்பாலான கவுன்சில்களின் முறை. அமைச்சரவையில் இருப்பவருக்கு அதிகாரம் அதிகம், ஆனால் தன் நிர்வாகத்தை அவர் பகிரங்கமாகக் கண்டிக்க மாட்டார். எதிர்க்கட்சிக்காரர் கேள்வியாக எழுப்பத் தயங்க மாட்டார். பக்கத்து வீட்டுக் கட்டட விண்ணப்பத்தை எதிர்க்கிறீர்கள் என்றால், திட்டமிடல் குழுவில் இல்லாத கவுன்சிலரைப் பிடியுங்கள். குழுவில் இருப்பவர் திறந்த மனதோடு கேட்டுத் தீர்மானிக்கக் கடமைப்பட்டவர். முன்கூட்டியே உங்கள் பக்கம் சாய்ந்துவிட்டால் அந்த விடயத்தில் அவர் விலகியிருக்க வேண்டி வரும். விண்ணப்பத்துக்குக் கருத்துச் சொல்ல வழமையாக 21 நாட்கள் தரப்படும். வீட்டின் விலை குறைந்துவிடும் என்ற வாதம் அங்கே எடுபடாது. வெளிச்சம் மறைவது, அந்தரங்கம் கெடுவது, போக்குவரத்து நெரிசல் ஆகியன எடுபடும். கடையின் மதுபான அனுமதி என்றால் 28 நாட்கள். குற்றத்தடுப்பு, பொதுப் பாதுகாப்பு, அயலவர் தொந்தரவு, சிறுவர் பாதுகாப்பு ஆகிய நான்கில் ஒன்றோடு உங்கள் கருத்தைத் தொடுக்க வேண்டும். அனுமதி கேட்டு நிற்கும் கடைக்காரரும் இந்த நான்கையும் வைத்தே தம் பதிலைத் தயாரிப்பது நல்லது.

கூட்டங்கள் பொதுமக்களுக்குத் திறந்தவை. நிகழ்ச்சி நிரலை ஐந்து முழு நாட்களுக்கு முன் வெளியிட வேண்டும். 2014 முதல் படம்பிடிக்கவும் உரிமை உண்டு. கவுன்சிலின் முறைப்பாட்டு வழிகள் எல்லாம் ஓய்ந்த பின்னரும் நீதி கிடைக்காவிட்டால், கவுன்சில்கள் மீதான முறைப்பாடுகளை விசாரிக்கும் உள்ளூராட்சி ஒம்புட்ஸ்மனிடம் பொதுவாக 12 மாதங்களுக்குள் இலவசமாக முறையிடலாம்.

நீங்களே நிற்பதென்றால்

18 வயது நிறைந்த பிரித்தானிய, அயர்லாந்துக் குடிமக்கள் போட்டியிடலாம். பொதுநலவாய நாட்டவர் போட்டியிட, வாக்களிப்பதற்குப் போதுமான தற்காலிக வீசா போதாது. நிரந்தர வதிவிட அனுமதி தேவை. அதோடு அந்தப் பறோவில் வாக்காளராக இருப்பது, கடந்த 12 மாதங்களாக அங்கே வசிப்பது, அதே 12 மாதங்களாக அங்கேயே பிரதான வேலை செய்வது, அதே 12 மாதங்களாக அங்கே சொத்தையோ கடையையோ உரிமையாளராகவோ வாடகைக்கோ வைத்திருப்பது ஆகியவற்றில் ஒன்றேனும் பொருந்த வேண்டும். அதே கவுன்சிலில் சம்பளம் பெறுபவர் நிற்க முடியாது. கவுன்சிலை முதலாளியாகக் கொண்ட பாடசாலையின் ஆசிரியருக்கும் இது பொருந்தும்.

கட்டுப்பணம் கிடையாது. வார்டின் வாக்காளர் இருவர் முன்மொழிந்தும் வழிமொழிந்தும் ஒப்பமிட்ட நியமனப் பத்திரத்தை, தேர்தலுக்கு 19 வேலை நாட்களுக்கு முன் மாலை 4 மணிக்குள் கொடுக்க வேண்டும். கட்சியின் பெயரில் நிற்கக் கட்சியின் அனுமதிப் பத்திரமும் வேண்டும். கட்சிகள் தம் வேட்பாளர்களை மாதக்கணக்கில் முன்பே தெரிவு செய்துவிடுவதால், கட்சி வழியாக வர நினைப்பவர் முந்திய ஆண்டே உறுப்பினராகி வாசல் வாசலாக நடக்கத் தொடங்கியிருக்க வேண்டும்.

பிரசாரத்தில் நம்மவர்கள் இரண்டு இடத்தில் கவனமாக இருக்க வேண்டும். வாக்குக்காக விருந்து வைப்பது தேர்தல் குற்றம். வந்தவருக்குத் தேநீர் கொடுப்பது வேறு, மண்டபம் எடுத்து நூறு பேருக்குச் சோறு போட்டு வாக்குக் கேட்பது வேறு. மற்றது, ஆலயமோ தேவாலயமோ, மதகுரு வாயால் இன்னாருக்கு வாக்களிப்பது புண்ணியம் என்று சொல்ல வைப்பது. டவர் ஹம்லெட்ஸில் 2014 இல் நடந்த மேயர் தேர்தலை 2015 இல் தேர்தல் நீதிமன்றம் செல்லாதென அறிவித்தபோது, தீர்ப்பில் கூறப்பட்ட காரணங்களில் மதச் செல்வாக்கைப் பயன்படுத்தியதும் ஒன்று.

செலவுக்கு 960 பவுணும் வாக்காளர் ஒருவருக்கு 8 பென்ஸும் சேர்ந்ததே உச்ச எல்லை. பத்தாயிரம் வாக்காளர் உள்ள வார்டில் அது 1,760 பவுண் ஆகும். ஒரே கட்சியின் மூவர் கூட்டாக நின்றால் ஒவ்வொருவருக்கும் மூன்றில் ஒரு பங்கு குறையும். துண்டுப்பிரசுரத்திலும் இணைய விளம்பரத்திலும் யார் வெளியிட்டது என்ற பெயரும் முகவரியும் இருக்க வேண்டும். மருமகன் இலவசமாக வடிவமைத்துக் கொடுத்த சுவரொட்டியின் அச்சுச் செலவு உட்பட எல்லாவற்றுக்கும் பற்றுச்சீட்டை வைத்திருங்கள். முடிவு அறிவிக்கப்பட்டு 35 நாட்களுக்குள், வென்றவரும் தோற்றவரும் ஒருபோலச் செலவுக் கணக்கைக் கவுன்சிலில் கொடுத்தாக வேண்டும். ஒரு பென்ஸும் செலவழிக்காதவரும் அதையே எழுதிக் கொடுக்க வேண்டும்.